கடிதம் மாறிப்போன ஊமைப்படம் எது? அம்மாயி பார்த்த ஒரு புருஷன் பெண்சாதிக் கதை

எழுதியவர்: டிக்கோயாப் பேரன்

வணக்கம். பழைய படங்களைப் பற்றி இங்கே எழுதிவரும் பெரியவர்களில் எவருக்காவது விடை தெரிந்திருக்கும் என்ற நம்பிக்கையில், எங்கள் குடும்பத்தில் பல ஆண்டுகளாகத் தீராமல் கிடக்கும் ஒரு கேள்வியைக் கொண்டுவந்திருக்கிறேன்.

என் தாயின் தாயார், நாங்கள் அம்மாயி என்று அழைத்தவர், 1917ஆம் ஆண்டு இலங்கை மலையகத்தில் டிக்கோயாவுக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்தில், அதாவது தொழிலாளர் வரிசை வீட்டில், பிறந்தவர். சிறு வயதிலேயே பேர் பதிந்து கொழுந்துக் கூடை சுமக்கத் தொடங்கியவர். தம் ஆயுளில் அவர் பார்த்த படங்களை இரண்டு கை விரல்களுக்குள் எண்ணிவிடலாம். அவற்றுள் பேசாத படம் ஒன்றே ஒன்று. தம் சின்னம்மாவின் கல்யாணத்துக்குச் சேலை எடுப்பதற்காக, சம்பளம் போட்ட மறுநாள் குடும்பத்தோடு ஹட்டன் டவுனுக்கு இறங்கியபோது, அங்கே அடித்திருந்த கூடாரம் ஒன்றில் தரையில் உட்கார்ந்து அதைப் பார்த்தாராம். அப்போது தமக்குப் பன்னிரண்டு, பதின்மூன்று வயது என்பார். ஆகவே 1929 அல்லது 1930 ஆக இருக்கலாம்.

அவர் சொன்ன கதை இதுதான். நொடித்துப்போன தகப்பனைக் காப்பாற்றுவதற்காக ஓர் இளம்பெண் பணக்காரக் கிழவர் ஒருவருக்கு வாழ்க்கைப்படுகிறாள். கல்யாணம் முடிந்த கையோடு இருவரும் ஒரு மலைநாட்டுக்குப் போகிறார்கள். அந்த மலை முழுவதும் வெள்ளையாக இருந்ததாம். 'நம்ம ஊரு பனி மாதிரி எழும்பி ஓடல, மாவக் கொட்டி வச்ச மாதிரி அப்படியே கெடந்துச்சு' என்று கையை விரித்துக் காட்டுவார். அந்த மலையில் பெண் கால் வழுக்கி விழுந்து ஒரு கயிற்றில் தொங்குகிறாள். வேறொரு வாலிபன் இறங்கிப்போய் அவளைக் காப்பாற்றுகிறான். அதற்குப் பிறகு அவள் மனம் அவளிடம் இல்லை. கணவனுக்கு ஒன்று, அந்த வாலிபனுக்கு ஒன்று என்று அவள் இரண்டு கடிதங்கள் எழுதிவைக்க, வேறொருத்தி உள்ளே இருந்த தாள்களை மாற்றிப் போட்டுவிடுகிறாள். தமக்குரியதல்லாத கடிதத்தைப் படித்த கிழவர் யாரையும் ஏசாமல், அடிக்காமல், எங்கோ ஒரு மணற்காட்டுக்குப் போய் அங்கே சுடுபட்டுச் செத்துப்போகிறார்.

எழுதப் படிக்கத் தெரியாத அம்மாயிக்கு, கடிதம் மாறிய அந்த இடம்தான் கடைசிவரை மறக்கவில்லை. ஊரிலிருந்து லயத்துக்கு வரும் கடிதங்களைக் கணக்கப்பிள்ளை படித்துச் சொன்னால்தான் உண்டு என்றிருந்த காலம் அது. யாருக்கு வந்ததை யாருக்குப் படித்துத் தொலைத்தாரோ என்று தாம் நெடுநாள் பயந்துகொண்டிருந்ததாகச் சொல்லிச் சிரிப்பார். இன்னொன்றும் சொல்ல வேண்டும். கதையைக் கேட்கிற நாங்கள் எல்லோரும் அந்த இளம் ஜோடியின் பக்கம் நிற்போம். அவர் மட்டும் கிழவரின் பக்கம். 'பாவம், அந்த மனுசன் என்னா தப்புப் பண்ணுனாரு?' என்பார். அவரே பதினைந்து வயதில், தம்மைவிட இருபது வயது மூத்த எங்கள் தாத்தாவுக்கு வாழ்க்கைப்பட்டவர். அந்தக் காலத்து வழக்கப்படி தாத்தாவின் பெயரை வாயால் சொல்லமாட்டார். 'எங்க புறவுணு வந்துட்டாரா?' என்றுதான் கேட்பார். அந்தப் பெயர் எப்படி வந்தது என்று கேட்டால் முந்தானையால் வாயைப் பொத்திக்கொள்வார். அவர் காலமாகி இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆகிறது.

இது எந்தப் படம், இன்று எங்கேனும் பார்க்கக் கிடைக்குமா என்பதே என் கேள்வி. கணவன் மனைவி கதை என்றதும் நண்பர் ஒருவர் 'தர்மபத்தினி' என்ற பழைய தமிழ் ஊமைப்படமாக இருக்கலாம் என்றார். அது சரியா?


எழுதியவர்: பண்டாரவளை வாசகர்

உங்கள் நண்பர் சொன்ன பெயரில் ஒரு படம் இருந்தது உண்மை. சென்னையில் ஏ. நாராயணன் நடத்திய ஜெனரல் பிக்சர்ஸ் கார்ப்பரேஷன் 1929இல் எடுத்த படம் அது. ஆனால் பெயர் பொருந்துகிறது என்பதைத் தவிர வேறு எதுவும் பொருந்துவதாக எனக்குத் தோன்றவில்லை. சென்னைக் கீழ்ப்பாக்கத்தில் நடராஜ முதலியார் 'கீசக வதம்' எடுத்த காலம் தொடங்கி, தமிழ்நாட்டு ஊமைப்படங்களில் பெரும்பாலானவை புராணக் கதைகள். குடும்பக் கதைகளை எடுத்தவர்கள் மிகச் சிலர். அவர்களுள் முக்கியமானவர் புதுக்கோட்டைக்காரரான ராஜா சாண்டோ. 'பேயும் பெண்ணும்', 'அநாதைப் பெண்' முதலிய அவருடைய படங்களின் பெயர்களைக் கேட்டாலே வேறு உலகம் என்று தெரியும். இருந்தாலும் அவர்களில் எவரும் உறைபனி மலைக்குப் போய்ப் படம் பிடித்திருக்கமாட்டார்கள். அம்மாயி சொன்ன வெள்ளை மலையை நம்பினால், இது மேல்நாட்டுப் படம்தான்.

தமிழ்ப் படமாக இருந்திருந்தால் உங்கள் இரண்டாவது கேள்விக்கு விடை இன்னும் கசப்பாக இருந்திருக்கும். தென்னிந்தியாவில் எடுக்கப்பட்ட நூற்றுக்கு மேற்பட்ட ஊமைக் கதைப்படங்களில் இன்று முழுமையாக மிஞ்சியிருப்பது நாகர்கோயில்காரர் சுந்தர்ராஜ் தயாரித்த 'மார்த்தாண்ட வர்மா' ஒன்றுதான். அதுவும் எப்படி மிஞ்சியது தெரியுமா? படத்துக்கு மூலமான நாவலின் உரிமையை வைத்திருந்த புத்தக நிறுவனம் வழக்குப் போட்டுப் படத்தைப் பறிமுதல் செய்ய வைத்தது. ஊர் ஊராக ஓடித் தேயாமல் புத்தகக் கடையில் முடங்கிக் கிடந்ததால்தான், பிற்காலத்தில் புனே திரைப்பட ஆவணக் காப்பகம் அதை மீட்க முடிந்தது. வெற்றிகரமாக ஓடியிருந்தால் அதுவும் போயிருக்கும்.


எழுதியவர்: பதுளை ஆசிரியை

டிக்கோயா அண்ணாவுக்கு வணக்கம். படத்தின் பெயர் எனக்குத் தெரியாது. ஆனால் அம்மாயியின் ஞாபகத்தை எப்படிப் படிப்பது என்பதைப் பற்றி ஒன்று சொல்ல விரும்புகிறேன்.

ஊமைப்படம் என்று நாம் சொல்கிறோமே தவிர, நம் மக்கள் அதை ஊமையாகப் பார்க்கவில்லை. திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று, இடையிடையே வரும் எழுத்துகளை வாசித்து, படத்தில் வருகிறவர்களுக்காகத் தாமே பேசி, அழுது, சண்டை போட்டு, கதையை நடத்துவார். எழுத்தறியாத சபைக்கு அவர்தான் படம். ஆங்கிலப் படமானால் அவருக்கு இன்னும் வசதி. எழுத்தில் என்ன இருக்கிறது என்று திருத்துவதற்கு ஆள் இல்லை. எங்கள் பெரியப்பா காமன் கூத்து வாத்தியார். சிறுவனாக இருந்தபோது தாம் கேட்ட அப்படியொரு விளக்கக்காரரைப் போலப் பேசிக் காட்டுவார். திரையில் வெள்ளைக்காரர் ஒருவர் இன்னொருவரிடம் காகிதத்தை நீட்டினால் போதும், 'பெரிய கங்காணியின் கடன் சீட்டு வந்துவிட்டது, இனி இந்தக் குடும்பம் தப்ப வழியில்லை!' என்று அந்த மனிதர் அலறுவாராம். கூடாரமே 'ஐயோ' என்னுமாம். தொழிலாளியின் கடனைச் சீட்டில் எழுதி அவரைக் கட்டிவைத்த துண்டு முறையை 1921இல் சட்டம் போட்டு ஒழித்துவிட்டார்கள் என்றாலும், கடன் என்ற சொல்லைக் கேட்டால் வயிறு கலங்காத லயம் அன்று எங்கே இருந்தது?

ஆகவே நொடித்துப்போன தகப்பன், கிழவருக்கு மகளைக் கொடுப்பது ஆகியவை படத்தில் இருந்தனவா, விளக்கக்காரர் வாயில் இருந்தனவா என்று நாம் பிரித்தறிய முடியாது. கணவர் சாவதைப் பற்றியும் எனக்கு ஒரு சந்தேகம் உண்டு. மாசி மாதந்தோறும் மன்மதன் எரிவதையும் ரதி அழுது புரண்டு ஒப்பாரி வைப்பதையும் பார்த்து வளர்ந்த பெண், எந்தக் கதையிலும் இறுதியில் ஒரு கணவனைச் சாகவைத்துவிடக் கூடும். மணற்காட்டுச் சாவு கூத்திலிருந்து ஒட்டிக்கொண்டதாக இருக்கலாம். மலையையும் கயிற்றையும் கடிதங்களையும் மட்டும் வைத்துத் தேடிப் பாருங்கள் அண்ணா. அவை கண்ணால் கண்டவை.


எழுதியவர்: கம்பளை ஆபரேட்டர்

டீச்சர் சொன்னதில் முக்கால் பங்கை ஒத்துக்கொள்கிறேன். மணற்காடு மட்டும் கூத்திலிருந்து வரவில்லை. அது படத்திலேயே இருக்கிறது.

தம்பி, நீங்கள் தேடுவது 1922இல் அமெரிக்காவின் பாரமவுண்ட் நிறுவனம் வெளியிட்ட 'பியோண்ட் த ராக்ஸ்' என்ற படம் என்று நினைக்கிறேன். தமிழில் 'பாறைகளுக்கு அப்பால்' என்று சொல்லலாம். எலினோர் கிளின் எழுதிய நாவலைக் கொண்டு சாம் வுட் இயக்கியது. கிளோரியா ஸ்வான்சனும் ருடால்ஃப் வாலண்டினோவும் சேர்ந்து நடித்த ஒரே படம். தியோடோரா என்ற பெண், வருமானம் குன்றிய தகப்பனுக்காகவும் சகோதரிகளுக்காகவும் ஜோசையா பிரவுன் என்ற வயது முதிர்ந்த கோடீஸ்வரரை மணக்கிறாள். தேனிலவுக்கு அல்ப்ஸ் மலைக்குப் போன இடத்தில் சறுக்கி விழுந்து கயிற்றில் தொங்கும் அவளை, வாலண்டினோ நடிக்கும் பிரபு காப்பாற்றுகிறார். பிற்பாதியில் அவள் எழுதும் இரண்டு கடிதங்களை, அந்தப் பிரபுவை விரும்பும் இன்னொரு பெண் உறை மாற்றிவிடுகிறாள். மனைவியின் மனத்தை அறிந்த பிரவுன் அவளை விடுவிப்பதற்காகவே ஆபத்தான ஒரு பாலைவனப் பயணத்தில் சேர்ந்து, கொள்ளைக்காரரால் சுடப்பட்டு இறக்கிறார். அம்மாயி ஒரு காட்சியைக்கூடப் பிசகாமல் சொல்லியிருக்கிறார்.

இப்போது இரண்டாவது கேள்வி. இருபத்தைந்து ஆண்டுகளுக்கு முன்பு இதைக் கேட்டிருந்தால், அந்தப் படம் அழிந்துவிட்டது, ஒரு நிமிடத் துண்டு மட்டுமே உண்டு என்று சொல்லியிருப்பேன். நெதர்லாந்தில் ஹார்லெம் நகரத்துச் சேகரிப்பாளர் ஒருவர் இறந்தபோது, அவர் வைத்திருந்த துருப்பிடித்த ஏறத்தாழ 2,000 டப்பாக்கள் அங்குள்ள திரைப்பட அருங்காட்சியகத்துக்கு வந்து சேர்ந்தன. அவற்றைத் திறந்து பார்த்தவர்கள், 2003ஆம் ஆண்டளவில், பல டப்பாக்களில் சிதறிக் கிடந்த இந்தப் படத்தின் ரீல்களை ஒவ்வொன்றாகக் கண்டுபிடித்தார்கள். எழுத்துகள் எல்லாம் டச்சு மொழியில் இருந்தனவாம். செப்பனிட்ட பிரதியை 2005இல் ஆம்ஸ்டர்டாமில் திரையிட்டார்கள். வாலண்டினோ 1926இலேயே, முப்பத்தொரு வயதில் போய்விட்டார். ஸ்வான்சன் 1983 வரை இருந்தும் இதைப் பார்க்கக் கொடுத்துவைக்கவில்லை. இப்போது இணையத்தில் பார்க்கலாம். ஏறத்தாழ 80 நிமிடம் ஓடும்.

இப்படிக் கிடைப்பது எவ்வளவு அபூர்வம் என்பதற்காக ஒரு கணக்கு. அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் 2013இல் வெளியிட்ட ஆய்வு, 1912 முதல் 1929 வரை அங்கே எடுக்கப்பட்ட 10,919 ஊமைக் கதைப்படங்களை எண்ணியது. வெளியான வடிவிலேயே முழுமையாக மிஞ்சியவை 14 வீதம். சுமார் 70 வீதம் அடியோடு இல்லை.

ஏன் அழிந்தன என்பதை, பதினெட்டு ஆண்டுகள் புரொஜெக்டர் அறையில் வெந்தவன் என்ற முறையில் சற்று விரித்துச் சொல்ல அனுமதியுங்கள். அந்தக் காலத்துப் படச்சுருள் நைட்ரேட்டால் ஆனது. வெடிமருந்தான துப்பாக்கிப் பஞ்சுக்கு ஒன்றுவிட்ட தம்பி என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு முறை பற்றினால், எரிவதற்கு வேண்டிய பிராணவாயுவைத் தனக்குள்ளிருந்தே எடுத்துக்கொள்ளும் என்பதால் தண்ணீரில் அமிழ்த்தினாலும் அணையாது. தீயிலிருந்து தப்பினாலும் காலத்திலிருந்து தப்பாது. முதலில் உருவம் மங்கும். பிறகு சுருளின் முகம் பிசுபிசுத்து நுரை கட்டும். பிறகு சுற்றுகள் ஒன்றோடொன்று ஒட்டி இறுகிக் கட்டியாகும். கடைசியில் டப்பாவைத் திறந்தால் பழுப்பு நிறத் தூள் இருக்கும், நம் தேயிலைத் தூள் மாதிரி. நான் கையாண்டது அதற்குப் பிந்திய, எளிதில் தீப்பற்றாத அசிட்டேட் சுருள். அதுவும் கெட்டுப்போனால் வினாகிரி நாற்றம் அடிக்கும். நம் ஈரக் காற்றில் சீக்கிரமே அடிக்கும். மலைநாட்டில் மழை மாதங்களில் எங்கள் அறையில் வைத்திருந்த டப்பாக்களின் மூடியைக் கழற்றக் கரண்டிக் காம்பு தேவைப்பட்டது என்பதைச் சொன்னால் யாரும் நம்புவதில்லை.

நம் நாட்டின் முதற்படத்தின் கதையும் இதுதான். டாக்டர் என். எம். பெரேரா கதாநாயகனாக நடித்த 'ராஜகீய விக்ரமய' 1925இல் எடுக்கப்பட்டு, இந்தியாவிலும் சிங்கப்பூரிலும் காட்டப்பட்டு, இலங்கைக்காரர் பார்ப்பதற்கு முன்பே எரிந்துபோயிற்று. பிற்காலத்தில் நிதியமைச்சராக வரவுசெலவுத் திட்டம் வாசித்தவர் காதல் காட்சியில் எப்படி நின்றிருப்பார் என்று எனக்கு இன்றும் ஆவல். 1983 ஜூலையில் ஹெந்தளை விஜயா ஸ்டூடியோவில் எரிந்ததைப் பற்றி எழுதத் தொடங்கினால் இந்தத் தலைப்பை விட்டு வெகுதூரம் போய்விடுவேன்.


எழுதியவர்: நானுஓயாச் சந்தேகி

எல்லாம் அழகாகப் பொருந்துகிறது. அதுதான் என்னை உறுத்துகிறது.

கடிதம் மாறுவதும், கிழவருக்கு இளம்பெண் வாழ்க்கைப்படுவதும், மலையில் ஒருவரை ஒருவர் காப்பாற்றுவதும் அந்தக் காலக் கதைகளில் மலிந்து கிடந்தவை. மலைக் கதை, பொருந்தாத திருமணம் என்றால் ஹிட்ச்காக் 1926இல் எடுத்த 'த மவுண்டன் ஈகிள்' கூட இருக்கிறது. கடைக்காரர் ஒருவரின் பகைக்கு ஆளான பள்ளி ஆசிரியை, மலையில் தனியாக வாழும் ஒருவனை மணந்துகொள்ளும் கதை அது. அமெரிக்காவின் கென்டக்கி மலைகளில் நடப்பதாகச் சொல்லிவிட்டு ஆஸ்திரியாவின் திரோல் மலையில் படம்பிடித்தார்கள். அங்கேயும் உறைபனிதான். பார்த்துச் சரிபார்க்கலாம் என்றால் அதன் ஒரு பிரதிகூட உலகில் எங்கும் அகப்படவில்லை. ஹிட்ச்காக்கே அதை மோசமான படம் என்று சொல்லி, தொலைந்ததில் வருத்தமில்லாதவராக இருந்தார். நான் சொல்ல வருவது, கிடைத்த படத்தோடு ஞாபகத்தைப் பொருத்துவது எளிது, கிடைக்காத ஆயிரக்கணக்கான படங்களோடு பொருத்திப் பார்க்க நமக்கு வழியே இல்லை என்பதுதான்.

இன்னும் ஒன்று. படம் 1922, அம்மாயி பார்த்தது 1929 அல்லது 1930. ஏழெட்டு ஆண்டுப் பழைய படத்தை ஹட்டனில் ஏன் காட்டினார்கள்?

உறுதியாகத் தெரிய வேண்டுமானால் கொழும்புத் தேசிய சுவடிக்கூடத்தில் அந்த ஆண்டுகளின் ஆங்கிலப் பத்திரிகைகளைப் புரட்டி விளம்பரங்களைத் தேட வேண்டும். 'வீரகேசரி' 1930 ஆகஸ்ட்டில்தான் தொடங்கியது. அதற்கு முன் தோட்டத் தொழிலாளருக்காக நடேசையர் நடத்திய 'தேசபக்தன்' போன்றவற்றில் கூலி வழக்குகள் இருக்கும். கூடாரப் பட விளம்பரம் இருக்குமென்று எதிர்பார்க்க வேண்டாம்.


எழுதியவர்: கம்பளை ஆபரேட்டர்

சந்தேகி ஐயாவின் மற்றக் கேள்விகளுக்கு மறுப்பில்லை. ஏழெட்டு ஆண்டு என்பதற்கு மட்டும் பதில் சொல்கிறேன்.

ஒரு பிரதி பிறந்த ஊரில் புதிதாக ஓடும். பிறகு அடுத்த நகரம், அதற்கடுத்த சிற்றூர் என்று இறங்கி இறங்கிக் கடைசியில் கூடாரத்துக்கு வரும். என் காலத்திலேயே கொழும்பில் ஓடி முடிந்து, பல ஊர் சுற்றி, ரயில் பெட்டியில் எங்களுக்கு வந்த பிரதிகளில், ரீல் மாற்றுவதற்கான புள்ளி இருக்க வேண்டிய கடைசிச் சட்டங்களே (பிரேம்களே) இருக்காது. ஒவ்வொரு ஊர் ஆபரேட்டரும் அறுந்த இடத்தில் இரண்டு சட்டத்தை வெட்டி ஒட்டியிருப்பார். கனடாவின் வடகோடியில் டோசன் சிட்டி என்று ஒரு தங்கச் சுரங்க ஊர் இருக்கிறது. படங்கள் அங்கே வந்து சேர ஆண்டுகள் ஆகும். வந்தவற்றைத் திருப்பி அனுப்பும் செலவை விநியோகக்காரர் ஏற்க மாட்டார். அதனால் ரீல்களைப் பழைய நீச்சல் குளம் ஒன்றில் போட்டு மண் மூடினார்கள். 1978இல் கட்டட வேலைக்குத் தோண்டியபோது, உறைந்த மண்ணுக்குள்ளிருந்து 533 ரீல்கள் வெளிவந்தன. வழித்தடம் முடிகிற ஊரில்தான் படமும் முடியும். நம் மலையக ரயில் பாதை 1924இல்தான் பதுளையைத் தொட்டது. கண்டி, நாவலப்பிட்டி, ஹட்டன் என்று ஏறி வந்த ஒரு தேய்ந்த பிரதி 1929இல் சம்பளக்காரர் கூட்டத்துக்குக் காட்டப்பட்டது என்றால் எனக்கு அதிசயமில்லை. நமக்கு உறைமண் இல்லை என்பதுதான் குறை.


எழுதியவர்: டிக்கோயாப் பேரன்

பதில் எழுதிய அனைவருக்கும் நன்றி. சென்ற போயா (பௌர்ணமி) தினத்தன்று அம்மாவை உட்காரவைத்து அந்தப் படத்தை முழுவதும் பார்த்தோம். அம்மாவுக்கு எண்பது வயதாகிறது. கண் மங்கல் என்பதால் தொலைக்காட்சியில் போட்டு, எழுத்து வரும்போதெல்லாம் நானே வாசித்துத் தமிழில் சொன்னேன். பத்து நிமிடத்துக்குள் என்னை அறியாமல் குரலை ஏற்றி இறக்கத் தொடங்கிவிட்டேன். பதுளை ஆசிரியை சொன்ன விளக்கக்காரரின் வேலை எவ்வளவு கடினமானது என்று அப்போது தெரிந்தது.

கயிற்றுக் காட்சி வந்தபோது அம்மா ஒன்றும் சொல்லவில்லை. நான் எதிர்பார்த்ததைவிட அது சின்னதாக இருந்தது. அம்மாயி சொல்லும்போது ஒரு மணி நேரம் தொங்குவாள். படத்தில் சற்று நேரம்தான். கடிதக் காட்சி வேறு மாதிரி. மேசையில் உறைகள் கிடக்க, ஒரு கை உள்ளே இருப்பவற்றை எடுத்து மாற்றுகிறபோது, அம்மா முன்னால் குனிந்து, 'அடிப் பாவி, இவதானா?' என்றார். அம்மாயி அந்த இடத்தில் எப்போதும் வைக்கும் ஏச்சு அதுவே.

சந்தேகி ஐயாவின் எச்சரிக்கை நியாயமானது. சுவடிக்கூடத்துக்குப் போகத்தான் வேண்டும். ஆனால் கம்பளை ஐயா கதையைச் சொன்னபோது நான் வேகமாகப் படித்துக் கடந்துபோன ஒன்று, படம் பார்க்கையில் பிடரியில் தட்டியது. கிழவர் தோன்றும் இடத்தில் அவருடைய பெயரை நான் வாசித்தேன்: 'ஜோசையா பிரவுன்.' அம்மா என் பக்கம் திரும்பி, 'என்னா பேரு சொன்ன?' என்று கேட்டார். மறுபடியும் வாசித்தேன். 'இன்னொரு தடவ சொல்லு' என்றார்.

பிரவுன். புறவுணு.

தாத்தாவுக்கு அந்தப் பெயர் தோட்டத்தில் இருந்த ஏதோ ஒரு துரையின் பெயர் என்றும், வெற்றிலைக் காவி படிந்த அவருடைய பல்லுக்காக வைத்தது என்றும் எங்கள் வீட்டில் இரண்டு கட்சி உண்டு. இருபது வயது மூத்தவருக்குக் கழுத்தை நீட்டிய பதினைந்து வயதுப் பெண், பெயர் சொல்லக் கூடாத கணவருக்குக் கூடாரத்தில் கேட்ட ஒரு பெயரை வைத்துக்கொண்டு, அறுபது ஆண்டுகள் அதை யாரிடமும் விளக்காமல் இருந்திருக்கிறார். தாத்தாவிடமாவது சொன்னாரா என்று அம்மாவிடம் கேட்டேன். 'அதெப்படிச் சொல்லும்? அந்தப் படத்துல அந்தாளு செத்துல்ல போறான்' என்றார் அம்மா. பிறகு, கிழவர் முதன்முதலாக வரும் இடத்துக்குப் படத்தைத் திருப்பச் சொன்னார்.